கசக்காத ஆரஞ்சுச் சுளை, பட்டை லவங்கப் பாகில்

மாம்பழத்துக்குப் பேர்போன மண் எங்களுடையது. கிருஷ்ணகிரியிலிருந்து காவேரிப்பட்டணம் வரும் வழியெல்லாம் மாந்தோப்புதான். சித்திரை பிறந்து ஆடி முடியும்வரை வீட்டில் வேறு பழத்துக்கு இடமே கிடையாது. ஆனால் கார்த்திகைக் குளிர் தொடங்கியதும் தர்மபுரி பைபாஸ் ஓரத்தில் தார்ப்பாயை விரித்து ஆரஞ்சைக் குவிக்க ஆரம்பித்துவிடுவார்கள். பக்கத்திலேயே பச்சையும் மஞ்சளுமாகச் சாத்துக்குடி மூட்டைகள்.

இந்த இரண்டு பழமும் எங்களிடம் வந்து சேரும் வழி எனக்கு எப்போதும் பிடிக்கும். ஸ்ரீநகரில் தொடங்கிக் கன்னியாகுமரியில் முடிகிற 44ஆம் எண் தேசிய நெடுஞ்சாலை, நாக்பூர், ஹைதராபாத், அனந்தபூர், பெங்களூரு, ஓசூர், கிருஷ்ணகிரி, தர்மபுரி என்று இறங்கி வருகிறது. ஆரஞ்சுக்கு நாக்பூர், சாத்துக்குடிக்கு அனந்தபூர். இரண்டும் ஒரே ரோட்டின் மேல் இருக்கிற ஊர்கள். எங்கள் தரையில் விளையாத பழம் எங்கள் வாசல் வழியாகவே தெற்கே போகிறது. அதில் இரண்டு கிலோவை நிறுத்தி வாங்கி, பட்டையும் லவங்கமும் சுக்கும் போட்ட பாகில் ஊறவைத்து, குளிரக் குளிரக் கிண்ணத்தில் கொடுப்பதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

பாகில் மசாலாவா என்று யோசிக்க வேண்டாம். பானகம் குடித்திருப்பீர்கள். வெல்லம், சுக்கு, ஏலக்காய், எலுமிச்சை. ஸ்ரீராம நவமிக்குக் குடம் குடமாகக் கரைப்பது அதுதானே. அந்தப் பானகத்தைக் கொஞ்சம் கெட்டியாக்கி, கூடப் பட்டையும் லவங்கமும் சேர்த்து, எலுமிச்சைக்குப் பதில் ஆரஞ்சுச் சுளையையே உள்ளே போட்டால் எப்படி இருக்கும் என்று யோசித்துத்தான் நான் இதைத் தொடங்கினேன்.

முதல் தடவை கெட்டுப்போன கதை

நாலு பேருக்குச் செய்தபோதெல்லாம் நன்றாகவே வந்தது. அந்தத் தைரியத்தில், என் தங்கையின் வளைகாப்புக்கு அறுபது பேருக்கு நானே செய்கிறேன் என்று சொல்லிவிட்டேன். காலையில் நேரம் இருக்காது என்று முதல் நாள் இரவே சாத்துக்குடியைத் தோல் சீவி, சுளைத்தோலோடு துண்டு போட்டு, பாகில் கொட்டி, பிரிட்ஜில் வைத்தேன். இரவு பதினொரு மணிக்கு ருசி பார்த்தபோது தேன். மறுநாள் மதியம் இலை எடுத்த பிறகு கிண்ணங்கள் போயின. பத்து நிமிடம் கழித்துப் பார்த்தால் பாதிக் கிண்ணங்கள் அப்படியே ஜன்னல் திட்டில் இருந்தன. ஒரு வாய் வைத்தேன். நாக்கின் அடியில், தொண்டைக்கு இறங்குகிற இடத்தில், அப்படி ஒரு கசப்பு. யாரும் ஒன்றும் சொல்லவில்லை. அத்தை மட்டும், “பழத்துல குத்தமில்ல கண்ணு, ராத்திரியே அறுத்து வெச்சிட்ட” என்றார்.

அத்தை சொன்னது சரிதான் என்பது அதற்கான காரணத்தைத் தேடிப் படித்தபோது தெரிந்தது. ஆரஞ்சு, சாத்துக்குடியின் வெள்ளைப் பஞ்சிலும் சுளையை மூடியிருக்கிற மெல்லிய தோலிலும் கசப்பே இல்லாத ஒரு பொருள் இருக்கிறது. பழம் முழுசாக இருக்கும்வரை அது சாற்றின் புளிப்போடு சேராமல் ஒதுங்கியே இருக்கும். கத்தி பட்டு, தோல் கிழிந்து, சாறும் அதுவும் கலந்துவிட்டால் புளிப்பு அதை மெல்ல மெல்ல லிமோனின் என்ற கசப்புப் பொருளாக மாற்றிவிடும். உடனே நடக்காது, சில மணி நேரம் பிடிக்கும். அதனால்தான் வீட்டில் பிழிந்த சாத்துக்குடி ஜூஸ் பிழிந்ததும் இனிக்கிறது, மதியத்துக்கு எடுத்து வைத்தால் கசக்கிறது. விதையில் இந்தச் சமாசாரம் இன்னும் அதிகம். மிக்சியில் விதையோடு அடித்த ஜூஸைக் குடித்தவர்களுக்குத் தெரியும்.

ஆக, இந்த இனிப்பின் எதிரி தாமதமாக வருகிற கசப்பு. கீழே நான் சொல்லப்போகிற வேலைகளில் பாதி அதற்காகத்தான்: சுளைத்தோலை முழுக்க எடுப்பது, விதையை நசுக்காமல் விடுவது, பாகையும் சுளையையும் தனித்தனியாகக் குளிரவைத்துக் கடைசியில் சேர்ப்பது. இவற்றில் எதையும் சோம்பல்பட்டு விட வேண்டாம்.

பழம் வாங்கும்போது

மாம்பழத்துக்குப் பழகிய கை ஆரஞ்சில் ஏமாந்துவிடும். மாங்காயைக் காயாக வாங்கி வைக்கோலில் போட்டால் பழுத்து இனிக்கும். ஆரஞ்சும் சாத்துக்குடியும் அப்படியில்லை. மரத்திலிருந்து பறித்த அன்று என்ன இனிப்போ அதுதான் கடைசிவரை. நாலு நாள் வைத்தால் வாடும், இனிப்பு ஏறாது. எனவே வாங்கும்போதே ஒரு பழத்தை உரித்துத் தரச் சொல்லி ருசி பார்த்து வாங்குங்கள். “அண்ணா, ஒரு சுளை குடுங்க” என்றால் ரோட்டோரத்தில் யாரும் மறுத்ததில்லை.

நிறத்தைப் பார்க்காதீர்கள். இரவுக் குளிர் கிடைத்தால்தான் இந்தப் பழங்களின் தோலில் பச்சை மறைந்து மஞ்சள் ஏறும். பச்சையாக இருக்கிற சாத்துக்குடி உள்ளே நன்றாகப் பழுத்திருக்கலாம். கனத்தைப் பாருங்கள். ஒரே அளவில் இரண்டு பழத்தை இரண்டு கையில் தூக்கினால் எது கனமோ அதில் சாறு. சாத்துக்குடியின் தோல் வழவழவென்று, துளைகள் சின்னதாக இருந்தால் தோல் மெல்லிசு என்று அர்த்தம். ஆரஞ்சில் தோல் கொஞ்சம் தளர்ந்திருப்பது இயல்பு. ஆனால் அமுக்கினால் உள்ளே பொக்கென்று காற்றடைத்த மாதிரி இருந்தால் வேண்டாம். பழம் பழசாகிச் சுளை சக்கையாகியிருக்கும்.

பனிக்காலத்தில் வரும் கின்னோ என்ற பழமும் கடைகளில் ஆரஞ்சு என்றே விற்கப்படுகிறது. தோல் பளபளப்பாக, சுளையோடு ஒட்டியிருக்கும். 1935இல் கலிபோர்னியாவில் வெளியிடப்பட்ட கலப்பின ரகம் அது. நம் நாட்டில் பஞ்சாபில்தான் அதிகம் விளைகிறது. சாறு நிறைய. ஆனால் விதையும் நிறைய, சுளைத்தோலும் கெட்டி. அதை ஜூஸுக்கு வைத்துக்கொள்ளுங்கள். இந்த இனிப்புக்கு நாக்பூர் ஆரஞ்சுதான் வேண்டும்.

நாக்பூர் ஆரஞ்சுக்கு இரண்டு பருவம். கார்த்திகையை ஒட்டி ஒன்று, மாசி பங்குனியில் இன்னொன்று. என் நாக்குக்கு இரண்டாவதுதான் இனிப்பு. வெயிலும் அப்போதுதான் ஏறத் தொடங்கும், குளிர்ந்த கிண்ணத்துக்கு மரியாதை கிடைக்கும்.

ஏன் இரண்டு பழம்? ஆரஞ்சு மட்டும் போட்டால் வாசனை இருக்கும், ஆனால் சுளை சீக்கிரம் தொய்ந்துவிடும். சாத்துக்குடியில் புளிப்பு குறைவு, சதை உறுதி. ஆரஞ்சு மணத்துக்கு, சாத்துக்குடி கடிபடுவதற்கு.

ஆறு பேருக்கு வேண்டியவை

நாக்பூர் ஆரஞ்சு, நடுத்தரமாக ஒரு கிலோ
சாத்துக்குடி, பெரிதாக நாலு (சுமார் 800 கிராம்)
சர்க்கரை 150 கிராம்
வெல்லம் 50 கிராம்
தண்ணீர் 350 மில்லி
பட்டை, இரண்டு விரல்கடை நீளத்தில் ஒரு துண்டு
லவங்கம் 4
மிளகு 8
சுக்கு, கட்டைவிரல் நகம் அளவு
அன்னாசிப்பூ, இரண்டு மூன்று இதழ் மட்டும்
ஏலக்காய் 4
எலுமிச்சை அரை மூடி
நாரத்தை இலை 2
உப்பு ஒரு சிட்டிகை

இவ்வளவு பழத்தையும் உரித்தால் சுளை மட்டும் ஏறக்குறைய 900 கிராம் தேறும். தலைக்கு 150 கிராம்.

வெல்லம் மட்டும் போட்டுச் செய்யலாமே என்று கேட்பீர்கள். செய்து பார்த்தேன். வெல்லத்தின் வாசனை ஆரஞ்சை அமுக்கிவிடுகிறது, கிண்ணம் பார்க்கவும் கலங்கலாக இருக்கிறது. சர்க்கரை மட்டும் போட்டால் பாகு வெறும் தித்திப்பு, ஆழமில்லை. மூன்று பங்கு சர்க்கரை, ஒரு பங்கு வெல்லம் என்பது பல தடவை மாற்றி மாற்றிப் பார்த்து நான் நிலைத்த இடம். வெளுப்பான மஞ்சள் வெல்லத்தைவிடக் கருஞ்சிவப்பு வெல்லம் நல்லது. வெல்லம் போட்டதால் சர்க்கரை நோய் உள்ளவர்கள் தாராளமாகச் சாப்பிடலாம் என்று நினைத்துவிடாதீர்கள். ரத்தத்தில் சர்க்கரையை ஏற்றுவதில் இரண்டும் ஒன்றுதான். அவர்களுக்குப் பாகு ஊற்றாமல், வெறும் சுளையில் ஏலக்காய் தூவி அளவாகக் கொடுங்கள்.

தண்ணீரைப் பற்றி ஒரு வார்த்தை. எங்கள் பக்கத்துப் போர் தண்ணீர் உப்பும் கடினமும் சேர்ந்தது. அதில் பாகு காய்ச்சினால் எலுமிச்சையின் புளிப்பு மழுங்கிவிடுகிறது, பாகில் ஒரு சப்பென்ற ருசி நிற்கிறது. 2013இல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் வந்த பிறகு, நிலத்தடி நீரின் ஃபுளோரைடால் பல் கறைபட்ட கிருஷ்ணகிரி, தர்மபுரி இரண்டு மாவட்டத்துக்கும் காவிரித் தண்ணீர் குழாயில் கிடைக்கிறது. குடிக்கிற அந்தத் தண்ணீரையே பாகுக்கும் எடுங்கள்.

பாகு: இங்கே அவசரம் கூடாது

முதலில் பாகைக் காய்ச்சிவிடுங்கள். அது ஆறிக் குளிர நேரம் வேண்டும்.

அடி கனமான எவர்சில்வர் பாத்திரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அலுமினியம், பித்தளை, செம்பு வேண்டாம். புளிப்பு பட்டால் உலோகம் ருசியில் இறங்கும். பட்டையையும் லவங்கத்தையும் மிளகையும் அன்னாசிப்பூவையும் வெறும் பாத்திரத்தில், சின்னத் தீயில், வாசனை கிளம்பும்வரை மட்டும் சூடு காட்டுங்கள். அரை நிமிடம் போதும். கருகக் கூடாது. தட்டிய சுக்கைப் போட்டு 300 மில்லி தண்ணீர் ஊற்றி, மூடி போட்டு, கொதி வந்ததும் தீயைக் குறைத்துப் பத்து நிமிடம் வையுங்கள். மூடாமல் கொதிக்கவிட்டால் வீடெல்லாம் மணக்கும், பாகு மணக்காது.

மசாலாவைப் பொடியாகப் போட வேண்டாம். பாகு கலங்கும், நாக்கில் நரநரக்கும். லவங்கம் நாலுக்கு மேல் போகக் கூடாது. பல்வலிக்கு லவங்கத்தைக் கடித்தால் எப்படி மரத்துப்போகிறதோ அதே வேலையை இங்கேயும் செய்யும், அப்புறம் ஆரஞ்சின் ருசியே தெரியாது. அன்னாசிப்பூவும் அப்படித்தான். முழுப் பூ போட்டால் பிரியாணி நினைவுதான் வரும்.

பட்டையில் இரண்டு வகை கிடைக்கும். பெரும்பாலான கடையில் இருப்பது கெட்டியான, மரப்பட்டை போன்றது. காரம் அதிகம். கிடைத்தால் சுருள் பட்டை வாங்குங்கள். காகிதம் மாதிரி பல அடுக்காகச் சுருண்டிருக்கும், கையால் ஒடித்தால் பொடிப்பொடியாக உடையும். வாசனை மென்மையானது, பழத்தோடு சண்டை போடாது. கெட்டிப் பட்டைதான் இருக்கிறது என்றால் பாதி அளவு போடுங்கள்.

பத்து நிமிடம் ஆனதும் அடுப்பை அணைத்து, மூடியபடியே இன்னும் கால் மணி நேரம் விடுங்கள். அந்த நேரத்தில் வெல்லத்தைத் தட்டி, மீதி 50 மில்லி தண்ணீரில் கரையவிட்டு, மெல்லிய துணியில் வடிகட்டுங்கள். நல்ல வெல்லமென்று நம்பி நான் வடிகட்டாமல் விட்ட ஒரு நாள், கிண்ணத்தின் அடியில் மணல் உட்கார்ந்திருந்தது.

இப்போது மசாலாத் தண்ணீரையும் வடிகட்டி, பட்டையை மட்டும் திரும்பப் போட்டு, சர்க்கரையும் வெல்லக் கரைசலும் உப்பும் சேர்த்து, மிதமான தீயில் கொதிக்கவிடுங்கள். உப்பு எதற்கென்றால், சிட்டிகை உப்பு கசப்பை அடக்கும். தப்பித்தவறி ஒட்டிக்கொண்டு வந்த வெள்ளைத்தோலுக்கு அது ஒரு காவல்.

பதம்தான் இங்கே உயிர். கம்பிப் பதம் வேண்டாம். குலோப் ஜாமூனுக்குச் சொல்வோமே, பிசுக்குப் பதம், அதுதான். எட்டாவது நிமிடத்திலிருந்து பார்க்கத் தொடங்குங்கள். தட்டில் இரண்டு சொட்டு விட்டு, ஆறியதும் கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவில் தொட்டுப் பிரித்தால் எண்ணெய் தொட்ட மாதிரி வழுக்கக் கூடாது, கம்பியும் வரக் கூடாது. விரல் ஒட்டி, விடுபடும்போது மெதுவாக ‘ப்ச்’ என்று பிரிய வேண்டும். பாத்திரத்தில் ஏறக்குறைய கால் லிட்டர் பாகு நிற்கும்.

தண்ணியாக இறக்கினால் என்ன கெடும்? பாகில் போட்டதும் சுளையிலிருந்து சாறு வெளியே வரும். சர்க்கரைக்கு ஈரத்தை இழுக்கிற குணம். ஏற்கெனவே தண்ணியாக இருக்கிற பாகு அப்போது வெறும் ஜூஸாகிவிடும். கம்பிப் பதத்துக்கு மேல் போய்விட்டால் பிரிட்ஜில் வைத்ததும் சர்க்கரை பூத்துக்கொள்ளும், பளிங்குக் கல் மாதிரி ஓரத்தில் படியும். அப்படி ஆகிவிட்டால் இரண்டு கரண்டி வெந்நீர் ஊற்றி மறுபடி ஒரு கொதி விட்டால் சரியாகிவிடும்.

அடுப்பை அணைத்த பிறகுதான் தட்டிய ஏலக்காயும் நாரத்தை இலையும். எங்கள் வீட்டுக் கிணற்றடியில் ஒரு நாரத்தை மரம் நிற்கிறது. வேப்பிலைக்கட்டி இடிப்பதற்கு அந்த இலையைத்தான் கேட்டு வருவார்கள். இரண்டு இலையைக் கழுவி, நடு நரம்பைக் கிழித்து எடுத்து, கையால் இரண்டாகப் பிய்த்துச் சூடான பாகில் போட்டு மூடுங்கள். பிய்த்த உடனே எழும்புகிற அந்தப் பச்சை வாசனை பாகுக்குள் இறங்க வேண்டும். பத்து நிமிடத்தில் எடுத்துவிடுங்கள். அதற்கு மேல் கிடந்தால் இலையும் கசப்பை விடும். நாரத்தை கிடைக்காதவர்கள் எலுமிச்சை இலை போடலாம். ஆரஞ்சுத் தோலைச் சீவிப் போடுவதை நான் விட்டுவிட்டேன். பழம் பளபளப்பாக இருக்க மெழுகு பூசி அனுப்புகிறார்கள், வாய்க்குப் போகிற அளவுக்கு அதை முழுக்கக் கழுவ முடியும் என்ற நம்பிக்கை எனக்கில்லை.

பாகு கை பொறுக்கிற சூட்டுக்கு வந்ததும் அரை மூடி எலுமிச்சையை விதை விழாமல் பிழியுங்கள். ருசி பாருங்கள். இந்தச் சூட்டில் கொஞ்சம் அதிகத் தித்திப்பாகத் தெரிந்தால் சரி. குளிர்ந்தால் நாக்குக்கு இனிப்பு குறைவாகத்தான் தெரியும். இப்போதே அளவாக இருந்தால் குளிர்ந்த பிறகு சப்பென்று இருக்கும்.

சுளை உரிப்பது

பழத்தை உரிப்பதற்கு ஒரு மணி நேரம் முன்பே பிரிட்ஜில் வைத்துவிடுங்கள். குளிர்ந்த சுளை உறுதியாக இருக்கும், உள்ளே இருக்கிற சாற்று முத்துகள் உதிராமல் தோல் பிரியும்.

ஆரஞ்சுக்குக் கத்தி வேண்டாம். மேல் தோலை உரித்து, சுளைகளைப் பிரித்து, மேலே ஒட்டியிருக்கிற வெள்ளை நாரை எல்லாம் இழுத்துவிடுங்கள். ஒரு சுளையை எடுத்து, விதை இருக்கிற மெல்லிய ஓரம் உங்களைப் பார்க்கும்படி பிடித்துக்கொள்ளுங்கள். அந்த ஓரத்தைச் சின்னக் கத்திரிக்கோலால் நூலளவு நறுக்குங்கள். பூ கட்டும்போது நூல் வெட்டுகிற கத்திரி போதும். இப்போது சுளை ஒரு சின்னப் பை மாதிரி வாய் திறக்கும். விதைகளைக் கத்திரி முனையால் தள்ளிவிட்டு, தோலின் இரண்டு பக்கத்தையும் இரண்டு கட்டைவிரலால் பின்னால் மடக்குங்கள், புத்தகத்தை விரிக்கிற மாதிரி. முத்துகள் தோலை விட்டு எழும்பி நிற்கும். முதுகுப்புறத்தில் மட்டும் கொஞ்சம் ஒட்டியிருக்கும், அங்கே மெதுவாக, நுனியிலிருந்து நடுவுக்கு உரியுங்கள். முதல் நாலைந்து சுளை உடையும், பரவாயில்லை, அவற்றைப் பிள்ளைகள் பார்த்துக்கொள்வார்கள். பத்தாவது சுளைக்குள் கை பழகிவிடும்.

சாத்துக்குடியில் இது நடக்காது. தோல் ஒட்டிக்கொண்டிருக்கும். மேலும் கீழும் ஒரு வட்டம் வெட்டி, பலகையில் நிற்க வைத்து, நல்ல கூர்மையான கத்தியால் மேலிருந்து கீழாகப் பழத்தின் வளைவை ஒட்டிச் சீவுங்கள். மஞ்சள் தோல், வெள்ளைப் பஞ்சு, அதற்கடியில் சுளையின் வெளித்தோல் மூன்றும் ஒரே சீவலில் போக வேண்டும். வெள்ளை தெரிந்தால் இன்னொரு முறை சீவுங்கள். கொஞ்சம் சதை வீணாகிறதே என்று மனம் அடித்துக்கொள்ளும், விட்டுவிடுங்கள். பிறகு பழத்தை உள்ளங்கையில் வைத்து, இரண்டு சுளைக்கு நடுவே ஓடுகிற வெள்ளைக் கோட்டுக்கு இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று என நடு வரைக்கும் வெட்டினால் சுளை மட்டும் தனியே கழன்று வரும். கீழே ஒரு கிண்ணம் இருக்கட்டும்.

மிஞ்சுகிற சக்கையில் சாறு இருக்கும். அதைக் கசக்கிப் பிழிந்து சுளையோடு சேர்க்காதீர்கள். கசப்புக்கு விதை போடுவது அங்கேதான். பிழிந்து, அப்போதே, நின்றபடியே குடித்துவிடுங்கள். வேலை செய்தவருக்கு அது.

உரித்த சுளையை வடிதட்டில் ஐந்து நிமிடம் வைத்து, தானாக வடிகிற சாற்றைத் தனியே எடுத்து, கண்ணாடி அல்லது எவர்சில்வர் டப்பாவில் பரப்பி மூடி பிரிட்ஜில் வையுங்கள். மேலே மேலே அடுக்கினால் அடியில் இருப்பது நசுங்கும்.

சேர்ப்பதும் குளிரவைப்பதும்

சூடான பாகில் சுளையைப் போடவே கூடாது. முத்துகள் வெந்து வெளுத்துத் தொய்ந்துவிடும். பாகு முழுக்க ஆறி, பிரிட்ஜில் குறைந்தது மூன்று மணி நேரம் இருக்கட்டும். சுளையும் தனியே குளிரட்டும். பரிமாறுவதற்கு ஒரு மணி நேரம் முன்பு, பெரிய கிண்ணத்தில் முதலில் சாத்துக்குடி, அதன் மேல் ஆரஞ்சு, அதன் மேல் பாகு. கரண்டியால் கிளறாமல் கிண்ணத்தையே இரண்டு தடவை மெதுவாகச் சுழற்றுங்கள். ஒரு மணி நேரத்தில் பாகு சுளைக்குள்ளும் சாறு பாகுக்குள்ளும் வந்து, இரண்டும் ஒரே ருசியாகிவிடும்.

நேரமாகிவிட்டது என்று பிரீசரில் வைக்காதீர்கள். முத்துக்குள் இருக்கிற சாறு உறைந்தால் அதன் மெல்லிய உறை கிழியும். வெளியே எடுத்து இளகியதும் சுளை சப்பிப்போன மாதிரி இருக்கும். வேண்டுமானால் கிண்ணங்களைப் பிரீசரில் வையுங்கள். பங்குனி வெயிலில், குளிர்ந்த கிண்ணத்தில் போட்டால் பத்து நிமிடம் கூடுதலாகக் குளிர்ச்சி நிற்கும். கரண்ட் போகிற நாளானால், ஈர மணலில் உட்கார வைத்த மண்பானைக்குள் டப்பாவை இறக்கி ஈரத்துணி போட்டு மூடுங்கள். பிரிட்ஜ் குளிர்ச்சி வராது, ஆனால் இதமாக இருக்கும்.

மேலே தூவ என்ன? எனக்கு ஊறிய சப்ஜா விதை ஒரு ஸ்பூன் பிடிக்கும். இருபது நிமிடம் ஊறினால் போதும். மாதுளை முத்து அழகாக இருக்கும், ருசிக்கு அவசியமில்லை. ரோஜா இதழ் தூவுகிறவர்கள் கவனிக்க வேண்டும்: ஓசூர்ப் பக்கம் பசுமைக்குடிலில் வளர்கிற நீள்காம்பு ரோஜா குவளையில் வைப்பதற்காக வளர்ப்பது, மருந்து அடிப்பார்கள். அது வாய்க்கு வேண்டாம். வீட்டுத் தொட்டியில் மருந்து படாமல் வளர்ந்த பன்னீர் ரோஜா இருந்தால் இரண்டு இதழ் போடுங்கள்.

பாலும் கிரீமும் ஊற்றாதீர்கள், திரிந்துவிடும். பால்பொருள் சேர்த்தே ஆக வேண்டுமானால் புளிக்காத தயிரைத் துணியில் கட்டித் தொங்கவிட்டு, கெட்டியானதும் கிண்ணத்தின் அடியில் ஒரு கரண்டி வைத்து அதன் மேல் சுளையை வையுங்கள். அது வேறொரு நல்ல பண்டம்.

காவேரிப்பட்டணத்து அத்தை வீட்டில் இதோடு தட்டை மாதிரியான நிப்பட் ஒன்று வைத்துத் தருகிறார்கள். தித்திப்பும் புளிப்பும் குளிர்ச்சியுமாக இரண்டு வாய், அப்புறம் மொறுமொறுவென்று உப்பும் காரமுமாக ஒரு கடி. நான் முதலில் நம்பவில்லை. இப்போது நிப்பட் இல்லாமல் செய்வதில்லை.

கூட்டத்துக்குச் செய்யும்போது

அறுபது பேர் என்றால் பத்து கிலோ ஆரஞ்சு, எட்டு கிலோ சாத்துக்குடி. நாலு பேர் உட்கார்ந்தால் உரிக்க ஒன்றரை, இரண்டு மணி நேரம் ஆகும். விடியற்காலை ஐந்து மணிக்கு ஆரம்பித்தால் மதியச் சாப்பாட்டுக்குச் சரியாக இருக்கும். பாகை மட்டும் முதல் நாளே காய்ச்சி வைக்கலாம், மசாலா ஊறி இன்னும் நன்றாகவே இருக்கும். சர்க்கரையையும் வெல்லத்தையும் பத்து மடங்காக்குங்கள். லவங்கத்தை அப்படி ஏற்ற வேண்டாம், இருபத்தைந்து போதும். அன்னாசிப்பூ முழுசாக இரண்டு. தண்ணீர் வற்ற நேரம் அதிகம் எடுக்கும், அகலமான பாத்திரம் வையுங்கள். தங்கைக்குக் குழந்தை பிறந்து பேர் வைத்த அன்று இந்தக் கணக்கில்தான் மறுபடி செய்தேன். ஜன்னல் திட்டில் இருந்த கிண்ணங்களெல்லாம் காலி.

பம்ப்ளிமாஸ் கிடைக்கிற வீட்டில் அதையும் சேர்க்கலாம். சுளைத்தோல் கெட்டியாக இருப்பதால் உரிப்பது சுலபம், முத்தும் பெரிது. அதன் கசப்பு நறிஞ்சின் என்ற வேறொரு பொருளால் வருவது. காத்திருக்காமல் முதல் வாயிலேயே தெரியும், எனவே வெள்ளைத்தோலை இன்னும் கறாராக எடுக்க வேண்டும். ஒன்று கட்டாயம் நினைவிருக்கட்டும்: கொழுப்புக்கும் ரத்த அழுத்தத்துக்கும் எடுக்கிற சில மாத்திரைகளோடு பம்ப்ளிமாஸ் ஒத்துப்போகாது, மருந்தின் வேகத்தைக் கூட்டிவிடும். வீட்டுப் பெரியவர்கள் அப்படி மாத்திரை சாப்பிட்டால் டாக்டரைக் கேட்காமல் கொடுக்காதீர்கள்.

மிச்சம் வந்தால்

சேர்த்து வைத்ததை அன்றே முடித்துவிடுவது நல்லது. சுளையெல்லாம் தீர்ந்து பாகு மட்டும் மிஞ்சினால் கொட்டிவிடாதீர்கள், அதில் அரைவாசி ஆரஞ்சுச் சாறுதான். சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வருகிற பிள்ளைகளுக்கு, டம்ளரில் மூன்று கரண்டி பாகு விட்டு மேலே கோலி சோடாவை உடைத்து ஊற்றிக் கொடுங்கள். வடிதட்டில் எடுத்து வைத்த சாறு இருந்தால் அதையும் சேர்க்கலாம்.

சாத்துக்குடித் தோலை நான் செடிக்குப் போட்டுவிடுகிறேன். ஆரஞ்சுத் தோலை உப்புப் போட்ட வெந்நீரில் தேய்த்துக் கழுவி, முறத்தில் பரப்பி மொட்டை மாடியில் காயவைக்கிறேன். எங்கள் ஊர் வெயிலுக்கு நாலு நாளில் ஒடிகிற பதம் வந்துவிடும். பயத்தம்பருப்பும் கஸ்தூரி மஞ்சளும் ஆவாரம்பூவும் சேர்த்து மில்லில் கொடுத்து அரைத்தால், தங்கை குழந்தையைக் குளிப்பாட்ட நலங்கு மாவு.